காவலர் வேலைக்கும் ஐ.பி.எஸ்.சி போட்டிக்கும் ஒரே ஹோல்ஸ்டர் (துப்பாக்கி உறை) போதுமா?

செந்தூல் சேகர்:

வணக்கம். கோலாலம்பூரில் ஒரு பாதுகாவலர் நிறுவனத்தில் சூப்பர்வைசராக இருக்கிறேன். நகைக்கடை வாசல், பணம் ஏற்றும் வேன், இவைதாம் எங்கள் வேலை. ஆட்களில் பெரும்பாலோர் கையில் பம்ப் கன் எனும் நீளத் துப்பாக்கிதான். சிலருக்கு மட்டும் நிறுவனத்தின் பேரில் உரிமம் பெற்ற .38 ரிவால்வர். அவர்களுடைய உறைகள் பழசாகிவிட்டன. ஒன்றில் பட்டன் பிய்ந்துபோய் ரப்பர் பேண்ட் போட்டுக் கட்டியிருக்கிறார்கள். அதைப் பார்த்ததும் எல்லாவற்றையும் மாற்றச் சொல்லி எழுதிக் கொடுத்துவிட்டேன்.

நிர்வாகம் காட்டுவது நைலான் துணி உறை. எந்தத் துப்பாக்கிக்கும் பொருந்துமாம், ஒன்று 60 வெள்ளி (ரிங்கிட்). எனக்கு மனம் ஒப்பவில்லை. ஆனால் ஏன் வேண்டாம் என்று காரணத்தோடு எழுதினால்தான் எடுபடும்.

அப்புறம் ஒரு சொந்தக் கேள்வி. சுபாங் பக்கம் ஒரு கிளப்பில் சேர்ந்து ஐ.பி.எஸ்.சி (உறையிலிருந்து கைத்துப்பாக்கியை உருவி, நகர்ந்து நகர்ந்து சுடும் போட்டி) பழக ஆரம்பித்திருக்கிறேன். கிளப்பில் கொடுப்பது கிளாக் 17 பிஸ்டல். வேலைக்கு வாங்கும் அதே ரக உறையை எனக்கும் வாங்கினால் போட்டிக்கு ஆகுமா?


ரேஞ்ச் மணியம்:

தம்பி சேகர், ரப்பர் பேண்ட் கட்டிய உறையை இன்றே பிடுங்கி வைத்துவிடுங்கள். புதிது வரும்வரை அந்த ஆள் பம்ப் கன்னோடு நிற்கட்டும், அல்லது வேறு இடத்துக்கு மாற்றுங்கள்.

உறை பற்றி யார் கேட்டாலும் நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: அணிந்தவர் பக்கத்தில் யார் நிற்கப் போகிறார்கள்? நகைக்கடைக் காவலரைச் சுற்றி முன்பின் தெரியாத கூட்டம். அங்கே பயப்பட வேண்டியது அடுத்தவன் கைக்கு. ரேஞ்சில் (சுடும் தளத்தில்) உங்கள் பக்கத்தில் நிற்பவர் பாதுகாப்பைக் கவனிக்கும் ரேஞ்ச் ஆபீசர் ஒருவர்தான், அவர் உங்கள் துப்பாக்கியைப் பிடுங்கப் போவதில்லை. அங்கே பயப்பட வேண்டியது உங்கள் சொந்த விரலுக்கு. இந்த இரண்டு பயத்துக்கும் ஒரே உறை ஈடுகொடுக்காது.

இரண்டுக்கும் பொதுவானதை முதலில் சொல்லிவிடுகிறேன். டிரிகர் வளையம் (விசையைச் சுற்றியுள்ள வளையம்) முழுக்க, கெட்டியான பொருளால் மூடியிருக்க வேண்டும். கெட்டி என்று அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் துணி மூடினால் மூடியது போலத்தான் தெரியும், ஆனால் துணியின் மேல் விரலை வைத்து அழுத்தினால் உள்ளே டிரிகர் நகரும். கிளாக்கில் கட்டை விரலால் போடும் சேஃப்டி கிடையாது. அதன் சேஃப்டி டிரிகரிலேயே இருக்கிறது, டிரிகரை எது அழுத்தினாலும் அது விடுபட்டுவிடும். ஆகவே கிளாக்குக்கு உறை என்பது பாதி சேஃப்டி.

இரண்டாவது, துப்பாக்கியை உருவிய பிறகும் உறையின் வாய் திறந்தே இருக்க வேண்டும். அந்த நைலான் உறையில் வெறும் பையை இடுப்பில் மாட்டி, கையால் லேசாக அழுத்திப் பாருங்கள். வாய் ஒட்டிக்கொள்ளும். திரும்பப் போட இடது கை உதவிக்கு வந்தாக வேண்டும். அப்போது குழல் வாய் எதைப் பார்க்கிறது? அந்த இடது உள்ளங்கையைத்தான். நிர்வாகத்துக்கு எழுத இந்த ஒரு காரணம் போதும் என்பேன். மேசை மேல் வைத்து, காலியான ரிவால்வரோடு, பொறுப்பானவர் முன்னிலையில் செய்து காட்டினால் இன்னும் நல்லது.

மூன்றாவது, உங்கள் துப்பாக்கியின் மாடலுக்கென்றே வார்த்த உறையாக இருக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் பொருந்துவது எதையும் இறுக்கிப் பிடிக்காது.

ஐ.பி.எஸ்.சி பற்றித் தனியாக எழுதுகிறேன், அது கொஞ்சம் நீளும்.


பழைய சார்ஜன்:

மணியம் ஐயா சொன்னதற்கு மேல் காவலர் பக்கத்தை மட்டும் சொல்கிறேன். சீருடை வேலையில் இடுப்பில் ரிவால்வரோடு பல வருடம் இருந்தவன்.

தீபாவளிக்கு முந்தைய வாரம் மஸ்ஜித் இந்தியா, லெபோ அம்பாங் பக்கம் போயிருப்பீர்கள். தோளோடு தோள் இடித்துக்கொண்டுதான் நடக்க முடியும். அந்தக் கூட்டத்தில் கடை வாசலில் நிற்கும் காவலரின் வலது இடுப்பு யார் கைக்கும் எட்டும். அங்கே உறையின் வேலை துப்பாக்கியைத் தாங்குவது மட்டும் அல்ல, பிடித்து வைப்பது.

இதற்கு ஓர் அளவுகோல் இருக்கிறது. முன்னாள் எஃப்.பி.ஐ அதிகாரி பில் ரோஜர்ஸ் 1970களில் கொண்டுவந்த சோதனை. உறையின் பூட்டு மாட்டிய நிலையில், ஒருவர் துப்பாக்கியின் கைப்பிடியைப் பிடித்து எந்தப் பக்கமாக இழுத்தாலும் 5 விநாடி வரக்கூடாது. அது முதல் நிலை. அந்தப் பூட்டைத் திறந்துவிட்டு மறுபடி 5 விநாடி இழுத்தும் வரவில்லை என்றால் இரண்டாம் நிலை. இன்னொரு பூட்டும் தாங்கினால் மூன்றாம் நிலை. ரோஜர்ஸின் நிறுவனத்தை வாங்கிய சஃபாரிலாண்ட் இந்தக் கணக்கில்தான் தன் உறைகளைத் தரம் பிரிக்கிறது. மற்ற நிறுவனங்கள் ‘லெவல் 2’ என்று அட்டையில் அச்சிட்டிருந்தால் அதே சோதனைதான் என்று நம்பிவிட வேண்டாம். சிலர் திருகாணி இறுக்கத்தையே ஒரு நிலையாக எண்ணிக்கொள்கிறார்கள்.

உங்கள் ஆட்களுக்கு இரண்டாம் நிலை போதும் என்பது என் கருத்து. மூன்றாம் நிலை உறை நல்லதுதான், ஆனால் தினமும் உருவிப் பழகாத கை அதை அவசரத்தில் திறக்காது. பூட்டைத் தேடித் தடவிக்கொண்டிருக்கும் காவலர், உறையே இல்லாதவரைவிட மோசமான நிலையில் இருப்பார். பயிற்சிக்கு நேரமும் காசும் ஒதுக்க நிர்வாகம் தயாரா என்று முதலில் கேளுங்கள். தயார் என்றால் மூன்றாம் நிலைக்குப் போங்கள்.

இன்னொன்று. .38 என்றதும் எல்லாம் ஒன்றல்ல. ஸ்மித் அண்ட் வெஸனிலேயே ஐந்து குண்டு போடும் சின்ன ஜே ஃபிரேம் இருக்கிறது, ஆறு குண்டு போடும் கே ஃபிரேம் இருக்கிறது. கே ஃபிரேம் உறையில் ஜே ஃபிரேமைப் போட்டால் உள்ளே ஆடும். உங்கள் பதிவேட்டில் மாடல் எண், குழல் நீளம் இரண்டையும் பார்த்து எழுதிக்கொள்ளுங்கள். இடது கைக்காரர் யாராவது இருக்கிறாரா என்றும் பாருங்கள். வலது கை உறையைத் திருப்பி மாட்டி நிற்கும் ஆட்களை நான் பார்த்திருக்கிறேன், மனது கேட்காது.


கிள்ளான் பிரேம்:

இடையில் வருவதற்கு மன்னிக்கவும். என் நண்பர் வெளிநாட்டிலிருந்து ஏர்சாஃப்ட் பிஸ்டல் (பிளாஸ்டிக் குண்டு சுடும் விளையாட்டுத் துப்பாக்கி) ஒன்று வரவழைக்கலாம் என்கிறார். நிஜத் துப்பாக்கியின் அதே அளவாம். அதை வைத்து உறை பொருந்துகிறதா என்று பார்க்கலாமே, உருவியும் பழகலாமே?


ரேஞ்ச் மணியம்:

வேண்டாம் பிரேம். நண்பரையும் நிறுத்துங்கள். மலேசியாவில் ஏர்சாஃப்ட்டுக்கு அனுமதி இல்லை. 1960ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம் போலித் துப்பாக்கியையும் பிடிக்கும். நிஜத் துப்பாக்கியை உரிமமில்லாமல் வைத்திருந்தால் 1971ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 14 வருடம் வரை சிறை, அதோடு ஆறுக்குக் குறையாத பிரம்படி. நம் நாட்டில் இது விளையாட்டு இல்லை. பயிற்சிக்கான நீல ரப்பர் துப்பாக்கி வாங்குவதாக இருந்தாலும் முதலில் போலீஸ் உரிமப் பிரிவில் கேட்டுவிட்டு வாங்குங்கள். பழகுவது என்றால் கிளப்பில், கிளப் துப்பாக்கியில், ஆபீசர் கண் முன்னால்.


செராஸ் ரவி:

நிர்வாகத்துக்கு விலை முக்கியம் என்றால் பிளாக்ஹாக் நிறுவனத்தின் சர்பா உறையைப் பார்க்கலாமே சேகர். ஆள்காட்டி விரலால் ஒரு பட்டனை அழுத்தினால் திறக்கும், பழகச் சுலபம், பிடியும் உறுதி. நான் வைத்திருக்கிறேன், ஒரு தொல்லையும் இல்லை.


ரேஞ்ச் மணியம்:

ரவி, உங்களுக்குத் தொல்லை வராதது உங்கள் விரல் ஒழுக்கம். அந்த அமைப்பை நான் புதியவர்களுக்குச் சொல்லமாட்டேன்.

காரணத்தைக் கையால் செய்து பார்த்தால் புரியும். பட்டன் இருப்பது டிரிகர் வளையத்துக்கு நேர் வெளியே. ஆள்காட்டி விரல் அதை உள்நோக்கி அழுத்துகிறது, அதே நொடியில் கை மேலே இழுக்கிறது. பதற்றத்தில் விரல் நுனி மடங்கி அழுத்தும். துப்பாக்கி மேலே வந்ததும் பட்டன் கீழே போய்விடும், ஆனால் விரல் அழுத்துவதை நிறுத்தியிருக்காது. அந்த விரல் எங்கே போய் விழும்? டிரிகரில். அப்போது குழல் வாய் இன்னும் சொந்தத் தொடையைத் தாண்டியிருக்காது. அமெரிக்காவில் பல பயிற்சிக் கூடங்கள் இந்த உறையோடு வருபவர்களைச் சேர்ப்பதில்லை.

கட்டை விரலால் திறக்கும் பூட்டு இருக்கும்போது இதற்கு என்ன அவசியம்? சஃபாரிலாண்டின் ஏ.எல்.எஸ் பூட்டு அப்படித்தான். கைப்பிடியைப் பிடிக்கும்போதே கட்டை விரல் இயல்பாக வந்து உட்காரும் இடத்தில் நெம்புகோல். ஆள்காட்டி விரலுக்கு உறையின் வெளிச் சுவரில் நீட்டிப் படுப்பதைத் தவிர வேலையே இல்லை.


செராஸ் ரவி:

சரி ஐயா, ஆனால் விரலை நீட்டியே வைத்து, விரலின் தட்டையான சதைப்பகுதியால் அழுத்தச் சொல்லித்தான் அந்த நிறுவனமும் சொல்கிறது. முறையாகப் பழகினால் ஆகும் என்பதில் எனக்கு மாற்றமில்லை. சேகரின் ஆட்களுக்குப் பழக நேரம் இருக்காது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன், அவர்களுக்கு வேண்டாம்.


ரேஞ்ச் மணியம்:

நல்லது ரவி. இப்போது ஐ.பி.எஸ்.சி.

1976இல் அமெரிக்காவின் மிசூரியில் தொடங்கிய அமைப்பு. ஒலிம்பிக் பிஸ்டலில் உறைக்கே வேலை இல்லை, மேசையிலிருந்து எடுத்துச் சுடுவார்கள். இங்கே உறையிலிருந்து உருவுவதே விளையாட்டின் ஒரு பாகம், அதனால் விதிகளும் கறார். தோளில் தொங்கும் உறை கிடையாது. தொடையில் கட்டுவது கிடையாது. தளர்வாக நிற்கும்போது குழல் வாய் பார்க்கும் இடம் உங்கள் பாதத்திலிருந்து 1 மீட்டருக்கு மேல் தள்ளி இருக்கக் கூடாது. புரொடக்‌ஷன் பிரிவில் (தொழிற்சாலையில் வந்தபடியே இருக்கும் துப்பாக்கிகளுக்கான பிரிவு) துப்பாக்கி இடுப்பெலும்புக் கோட்டுக்குப் பின்னால், பெல்ட்டிலிருந்து 50 மில்லிமீட்டருக்குள் இருக்க வேண்டும். முதல் ஸ்டேஜில் (சுற்றில்) எந்த இடத்தில் மாட்டினீர்களோ கடைசி ஸ்டேஜ் வரை அதே இடம். கிளாக் 17 என்றால் பெரும்பாலும் புரொடக்‌ஷனில்தான் சுடுவீர்கள்.

ஓபன், ஸ்டாண்டர்ட் பிரிவுக்காரர்கள் இடுப்பில் எலும்புக்கூடு போல ஒரு சாதனம் இருக்கும், டிரிகர் வளையத்தை மட்டும் கவ்விப் பிடிக்கும். ரேஸ் ஹோல்ஸ்டர் என்பார்கள். டபிள் ஆல்ஃபா, கோஸ்ட், சி.ஆர் ஸ்பீட் எல்லாம் அதில் பேர்பெற்றவை. பார்த்ததும் ஆசை வரும். உங்களுக்கு அது இப்போது வேண்டாம். ஓடும்போது துப்பாக்கி தவறி விழுந்தால் அன்றைய போட்டி அத்தோடு முடிந்தது. விழுந்ததை நீங்கள் தொடவும் கூடாது, ஆபீசர்தான் எடுப்பார்.

புதியவருக்கு நான் சொல்வது கைடெக்ஸ் எனும் கெட்டிப் பிளாஸ்டிக்கில் வார்த்த எளிய உறை, பூட்டு எதுவும் இல்லாதது, இறுக்கத்தைத் திருகாணியால் கூட்டிக் குறைக்கக்கூடியது. தலைகீழாகப் பிடித்து லேசாகக் குலுக்கினால் விழக்கூடாது, இழுத்தால் சிக்காமல் வர வேண்டும். அந்தச் சோதனையைக் காலித் துப்பாக்கியில், சேஃப்டி ஏரியாவில் (காலித் துப்பாக்கியை மட்டும் கையாள ஒதுக்கிய இடம்), கீழே மெத்தென்று ஏதாவது விரித்துக்கொண்டு செய்யுங்கள்.

இதைவிட முக்கியம் திரும்பப் போடுவது. உருவும் வேகத்துக்கு மதிப்பெண் உண்டு, திரும்பப் போடும் வேகத்துக்கு ஒரு புள்ளியும் கிடையாது. ஆனால் விபத்து நடப்பது அங்கேதான். காலி என்று காட்டி முடிந்ததும் மூச்சு விடுங்கள். ஆள்காட்டி விரலை ஸ்லைடின் (பிஸ்டலின் நகரும் மேல்பகுதி) பக்கவாட்டில் ஒட்ட வையுங்கள். குனிந்து உறையின் வாயைப் பாருங்கள், சட்டை நுனி உள்ளே போயிருக்கிறதா, மழைக்கோட்டின் கயிறு தொங்குகிறதா என்று. நம் ஊர் மாலை மழைக்கு எல்லோரும் கோட்டு மாட்டிக்கொண்டு வருகிறார்கள், அந்தக் கயிற்று முனையில் இருக்கும் பிளாஸ்டிக் குமிழ் சரியாக டிரிகர் வளையத்துக்குள் போகும் அளவு. கட்டை விரலை ஸ்லைடின் பின்பக்கம் வைத்து மெதுவாக இறக்குங்கள். சிசெட் ஷாடோ பிஸ்டல் போல வெளியே ஹேமர் (குண்டை வெடிக்க வைக்கும் சுத்தி) உள்ள துப்பாக்கி என்றால் கட்டை விரல் ஹேமர் மேல். எதிலாவது டிரிகர் சிக்கினால் ஹேமர் பின்னால் நகர்வது விரலுக்கு முதலில் தெரியும். தடை தெரிந்தால் தள்ளாதீர்கள், வெளியே எடுத்துப் பாருங்கள்.


பினாங்கு கலா:

மணியம் ஐயா எழுதியதைப் படித்துவிட்டுத்தான் வந்தேன், எங்கள் கிளப்பில் புதிதாக வரும் பெண்களுக்கு இதை அப்படியே படித்துக் காட்டலாம். நான் ஆயர் ஈத்தாமிலிருந்து எழுதுகிறேன்.

ஒரு விஷயம் விடுபட்டிருக்கிறது. உறை பற்றிய பேச்செல்லாம் ஆண் உடம்பை வைத்தே நடக்கிறது. பெண்களுக்கு இடுப்பு வளைவு வெளியே தள்ளும், அதனால் உறையின் கீழ்ப்பகுதி வெளியே சாய்ந்து, கைப்பிடி விலாவில் வந்து குத்தும். மேல் உடம்பு குட்டையாக இருந்தால் உருவும்போது முழங்கை அக்குள் வரை போயும் குழல் வாய் உறையை விட்டு வெளியே வராது. கிளப்பில் கொடுத்த உறையை மாட்டிக்கொண்டு “எனக்கு வரவில்லை” என்று விட்டுப் போன பெண்கள் உண்டு. குறை அவர்களிடம் இல்லை.

இதற்குத் தனி ஹேங்கர் விற்கிறது. உறையை உடம்பிலிருந்து கொஞ்சம் விலக்கி, கொஞ்சம் கீழே இறக்கிப் பிடிக்கும். எவ்வளவு இறக்கலாம், விலக்கலாம் என்பதைப் போட்டிக்கு முன் விதிப்புத்தகத்தோடு ஆபீசரிடம் காட்டிச் சரிபார்த்துவிடுங்கள். உறையின் மேல்பக்கம் உள்புறமாக ஒரு சின்ன ஆப்பு போல ஸ்பாஞ்ச் ஒட்டினாலும் கைப்பிடி நேராக நிற்கும்.

பெல்ட்டையும் யாரும் சொல்லவில்லை. நான் முதலில் வாங்கச் சொல்வது பெல்ட். சிசெட் ஷாடோ 2 வெறும் துப்பாக்கியே 1.3 கிலோவுக்கு மேல். கால்சட்டையோடு வந்த பெல்ட்டில் மாட்டினால் உருவும்போது உறையும் சேர்ந்து மேலே வரும். போட்டிக்கு வெல்க்ரோ உள்பெல்ட், அதன் மேல் விறைப்பான வெளிபெல்ட். காவலர்களுக்கும் இதே கதைதான், உறையின் வளையத்துக்கும் பெல்ட் அகலத்துக்கும் இடைவெளி இருந்தால் உறை முன்னும் பின்னும் நகரும், கை போகும் இடத்தில் துப்பாக்கி இருக்காது.


தோல்பட்டறை குமார்:

பிரிக்ஃபீல்ட்ஸில் தோல் வேலை செய்பவன். உறை தைப்பது என் முக்கியத் தொழில் இல்லை, ஆனால் பழுது பார்க்கக் கொண்டுவருவார்கள்.

தோலை அடியோடு ஒதுக்க வேண்டாம். ரிவால்வருக்கு நல்ல தோல் உறை இன்றும் பொருத்தமாக உட்காரும். ஆனால் நம் ஊர்ப் புழுக்கம் தோலுக்குப் பகை. வியர்வை, மழை, மறுபடி வியர்வை. இரண்டு மூன்று வருடத்தில் வாய் பகுதி தொய்ந்து உள்பக்கமாக மடங்கும். மடிந்த அந்த நாக்கு, துப்பாக்கியைப் போடும்போது டிரிகர் வளையத்துக்குள் நுழையும். சேகர் அண்ணே, உங்கள் பழைய உறைகளில் வாயைச் சுற்றி விரலை ஓட்டிப் பாருங்கள். அழுத்தியதும் திரும்பி நிமிரவில்லை என்றால் அதன் ஆயுள் முடிந்தது, பாலிஷ் போட்டுப் பயனில்லை.

இரவில் ரிவால்வரை உறையோடு வைத்துப் பூட்டாதீர்கள். தோலைப் பதப்படுத்திய உப்பும் உறிஞ்சிய ஈரமும் சேர்ந்து இரும்பைத் தின்னும். தனியாகத் துடைத்து, தனியாக வைக்க வேண்டும். வெள்ளைப் பூஞ்சை பிடித்த உறையை வெயிலில் காயப் போடுகிறார்கள், அதுவும் தவறு, காற்றாட நிழலில் காய வேண்டும். எண்ணெய் நிறைய ஊற்றினால் தோல் மிருதுவாகும், உறைக்கு மிருது ஆகாது.


செந்தூல் சேகர்:

எல்லோருக்கும் மிக்க நன்றி. குமார் தம்பி சொன்னபடி இன்று காலை விரலை ஓட்டிப் பார்த்தேன். பாதிக்கு மேல் நிமிரவில்லை. ஒன்றில் மடிந்த ஓரம் டிரிகர் உரசி உரசிப் பளபளவென்று இருக்கிறது. படம் எடுத்து, மணியம் ஐயா சொன்ன இடது உள்ளங்கை விஷயத்தையும் எழுதி நிர்வாகத்துக்கு அனுப்பிவிட்டேன். நைலான் வேண்டாம் என்று ஒப்புக்கொண்டார்கள். மாடலுக்கு ஏற்ற, கட்டை விரலால் திறக்கும் உறை, பெல்ட்டும் சேர்த்து. பயிற்சிக்கு மாதம் ஒரு நாள் கேட்டிருக்கிறேன், அதற்கு இன்னும் பதில் வரவில்லை.

வேன் ஆட்கள் ஒரு கேள்வி கேட்கிறார்கள். சீட்டில் உட்கார்ந்தால் ரிவால்வர் சீட் பெல்ட்டில் மாட்டுகிறது, முன்பக்கம் குறுக்காக மாட்டிக்கொள்ளலாமா என்று.


பழைய சார்ஜன்:

குறுக்காக வேண்டாம். உட்கார்ந்திருக்கும்போது வசதியாகத்தான் இருக்கும், ஆனால் உருவினால் குழல் வாய் பக்கத்து ஆளை ஒரு சுற்றுச் சுற்றி வரும். அதோடு, இறங்கி நிற்கும்போது கைப்பிடி எதிரில் நிற்பவன் கையை நோக்கி நீட்டிக்கொண்டிருக்கும்.

வலது இடுப்பிலேயே இருக்கட்டும், உறையைப் பெல்ட்டுக்குக் கொஞ்சம் கீழே இறக்கும் மிட் ரைடு லூப் (பெல்ட்டில் மாட்டும் வளையம்) கேளுங்கள். கைப்பிடி சீட் பெல்ட் பக்கிளுக்கு மேல் போய்விடாமல் நிற்கும். எந்தச் சீட்டில் யார் உட்காருகிறார் என்பதையும் பாருங்கள். ஓட்டுநருக்கு நம் ஊரில் பக்கிள் இடப்பக்கம், அவர் வலது இடுப்பு கதவுப் பக்கம், அங்கே அவ்வளவு சிக்கல் இல்லை. இடப்பக்கம் உட்காருபவருக்குத்தான் பக்கிளும் ரிவால்வரும் ஒரே இடம். அவருக்கு முதலில் ஒரு லூப் மட்டும் வாங்கி, காலித் துப்பாக்கியோடு ஏறி இறங்கச் சொல்லுங்கள். சரியாக இருந்தால் மற்றவர்களுக்கு ஆர்டர் போடுங்கள்.


செந்தூல் சேகர்:

சரி சார்ஜன். திங்கட்கிழமை வேன் உள்ளே வரும்போது பார்த்துவிட்டு இங்கேயே எழுதுகிறேன். கலா அக்கா, பெல்ட் அகலம் என்ன வாங்கச் சொல்கிறீர்கள்?


பினாங்கு கலா:

உங்கள் போட்டி பெல்ட்டுக்கு ஒன்றரை அங்குலம். காவலர்களுக்கு இரண்டு அல்லது இரண்டேகால் அங்குல டியூட்டி பெல்ட், ஆனால் உறையின் லூப் எந்த அகலத்துக்கு என்று பார்த்த பிறகு ஆர்டர் கொடுங்கள். பெல்ட்டைக் கால்சட்டை பெல்ட்டோடு சேர்த்துப் பிடிக்கும் கீப்பர் ஓர் ஆளுக்கு நான்கு சேர்த்து வாங்குங்கள், அதை எல்லோரும் மறந்துவிடுவார்கள்.